311, அடிக்குறிப்பு

மற்றவர்கள் எழுதிய புத்தகங்களுக்கு
வால் கட்டுவது என் வேலை.
கடைசிப் பத்துப் பக்கம். எந்தப் பெயர் எங்கே,
எந்தப் போர் எங்கே.
என்னிஸ் நகரில், மில் சாலையில், ரொட்டிக்கடைக்கு மேல்மாடி.
ஷூ வந்த பெட்டிகளில் அட்டைகள், நூறு நூறாக.
பக்கத்துக்குப் பதினாறு பென்ஸ்.
மழையையும் கேட்டுக்கொண்டே எழுத வேண்டும்,
அதற்குக் காசு கிடையாது.

இந்த முறை வந்தது கனம்.
அறுநூற்று நாற்பது பக்கம்.
கிராஸ் நகரத்துப் பேராசிரியர் லின்ஹார்ட்
பாரிஸில் தெருக்கல்லைப் பெயர்ப்பதில் தொடங்கி
மிலான், புடா, வார்சா என்று நடந்து
எட்டாம் அத்தியாயத்தில்தான் எங்கள் தீவுக்கு வருகிறார்,
ஈரக் கோட்டோடு, கொஞ்சம் தாமதமாக,
எல்லா விருந்தாளிகளையும் போல.

அகரவரிசைக்கு வெட்கம் கிடையாது.
மன்னருக்கு அடுத்து மன்னிப்பை வைக்கும்
(அவர் கேட்டதில்லை).
தூக்கத்தை ஒட்டித் தூக்கு.
ஹாப்ஸ்பர்க் குடும்பம் ஒன்றரைப் பத்தி தின்றுவிட்டது.
பஞ்சத்துக்கு ஒரே வரி:
பஞ்சம், பார்க்க: உருளைக்கிழங்கு.
உருளைக்கிழங்கிடம் போனால், பார்க்க: குத்தகை.
குத்தகையிடம் போனால், பார்க்க: கப்பல்கள்.
கப்பலுக்குப் பிறகு பார்க்க ஒன்றுமில்லை.

காட்டிக்கொடுத்தவர்கள் எல்லா நாட்டிலும் இருந்தார்கள்.
மிலானில் ஒரு முடிதிருத்துபவன், பெஸ்டில் ஒரு வயலின்காரன்,
கிராக்கோவில் தன் தம்பியையே சொன்ன பாதிரியார்.
பெயரும் பக்க எண்ணும் போட்டு
ஒவ்வொருவரையும் பெட்டிக்குள் இறக்கினேன்.
ஒருவனுக்கும் என் கை தயங்கவில்லை.

மார்ச் மாதம், ஒரு செவ்வாய்.
பக்கம் 311, அடியில், பொடி எழுத்து:
நொக்காரா மேட்டருகே பதுங்கியிருந்த மூவரை
ஒரு வண்டிக்காரன் தந்த தகவலால் பிடித்தனர்.
நவம்பர் 1920. கொடுத்த தொகை ஐந்து பவுன்.
பெயர் கோப்பில் இல்லை.

பெயர் என் சமையலறைச் சுவரில் மாட்டியிருக்கிறது.

மாலக்கி கியூசாக், என் அம்மாவைப் பெற்றவரின் அப்பா,
நொக்காராவில் சதுப்புக்கரி ஏற்றிய ஒரே வண்டி அவருடையது.
அந்த வருடம் கிறிஸ்துமஸுக்கு முந்தின வாரம்
லிமரிக்கிலிருந்து வைக்கோலில் சுற்றி
ஒரு சுவர்க்கடிகாரம் வந்தது.
குதிரையை விற்ற காசு என்றாராம்.
மே மாதத்துப் புகைப்படம் ஒன்று உண்டு:
வேலிக்குப் பின்னால் அதே குதிரை,
நெற்றியில் அதே வெள்ளைக் கோடு.
அதை நாங்கள் எல்லோரும் பார்த்திருக்கிறோம்.
ஒருவரும் பார்க்கவில்லை.

மருந்து வாங்கியிருந்தால்,
மாவு மூட்டை வாங்கியிருந்தால்,
என்னவாவது சொல்லி அவர் பக்கம் நின்றிருப்பேன்.
கடிகாரம்.

எங்கள் ஊரில் ஒருவன் கொலை செய்திருந்தால்
பேரப்பிள்ளைகள் அதை விருந்தில் சொல்வார்கள், தேதியோடு.
இந்தச் சொல்லுக்கு மட்டும்
கதவைச் சாத்த வேண்டும், வானொலியைக் கூட்ட வேண்டும்.
பிடிபட்ட மூவரில் ஒருவனின் தங்கை மகள்
டிம்ப்னா ஹெஹிர். கீழே ரொட்டிக்கடை அவளுடையது.
சனிக்கிழமைகளில் எனக்கு ஒரு பன் கூடுதலாகப் போடுவாள்.

தொழிலின் விதி தெளிவானது:
பெயரில்லாதவன் அடைவில் ஏறமாட்டான்.
தப்பித்தார் மாலக்கி, இரண்டாம் முறை.

தேநீர் ஆறி ஏடு கட்டியிருந்தது.
ஒரு வெற்று அட்டை எடுத்தேன்.
எழுதினேன்: கடிகாரம், சுவர், 311 அ.கு.
கடனுக்கும் கத்தோலிக்கருக்கும் நடுவில்
அது தானாகப் போய் நின்றது.

ஜூனில் லண்டன் பதிப்பகம் அச்சுப்படியைத் திருப்பியது.
ஓரத்தில் சிவப்பு மை, மரியாதையான கையெழுத்து:
311இல் கடிகாரம் எதுவும் இல்லையே, நீக்கிவிடலாமா?

பென்சிலை இரண்டு முறை சீவினேன்.
இருக்கட்டும் என்று எழுதினேன்.

ஞாயிறுதோறும் சாவி கொடுக்கிறேன்.
வாரத்துக்கு நாலு நிமிடம் பிந்தும்,
மற்றபடி குறையில்லை.
காலையில் கீழே இறங்கினால்
டிம்ப்னா மாவுக் கையை ஏப்ரனில் துடைத்துக்கொண்டு கேட்கிறாள்,
மணி என்ன இருக்கும்?
உன் வீட்டில் அடிப்பது இங்கே நன்றாகக் கேட்கிறது,
எண்ணத்தான் விட்டுவிடுகிறேன்.